யார் எழுதிய நாவல்? ஒரு நூலகப் பதிவு திருத்தப்பட்ட கதை

(நிகழ்வு ஆய்வு. குடும்பத்தார் கேட்டுக்கொண்டபடி ஆட்களின் பெயர், ஊர், நாவலின் பெயர் எதுவும் இதில் இல்லை.)

பின்னணி

காவிரிப் படுகையில் உள்ள ஒரு சிற்றூரில் 1920-களில் தொடங்கிய வாசகசாலை ஒன்று இன்றும் நடக்கிறது. 2022-இல் அதன் பழைய நூல்களை ஸ்கேன் செய்யும் வேலையை நாங்கள் நால்வர் எடுத்துக்கொண்டோம். ஒருவர் ஓய்வுபெற்ற அஞ்சல் ஊழியர், ஒருவர் கல்லூரி மாணவி, ஒருவர் வாசகசாலையின் பொறுப்பாளர். நான் பிழைதிருத்தும் வேலை பார்ப்பவள்.

பதிப்புரிமை முடிந்த நூல்களை மட்டும் இணையத்தில் ஏற்றுவது என்று முதலிலேயே முடிவு செய்திருந்தோம். இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் பதிப்புரிமை உண்டு. எனவே பட்டியலில் ஒவ்வொரு நூலுக்கும் ஆசிரியர் பெயர், அவர் இறந்த ஆண்டு என்று இரண்டு கட்டங்கள் போட்டோம். ஆசிரியர் என்றால் ஒரே ஆள், அவர் பெயர் அட்டையில் இருக்கும் என்பதுதான் அப்போது எங்கள் நினைப்பு.

வாசகசாலையின் பழைய பதிவேட்டில் 1940-இல் அச்சான ஒரு சமூக நாவல் இருந்தது. ஆசிரியர் என்ற இடத்தில் அந்த ஊரில் மதிப்போடு வாழ்ந்த ஒரு வக்கீல் குமாஸ்தாவின் பெயர். அவர் 1951-இல் காலமானவர். கணக்குப்படி 2011 முடிவோடு உரிமை தீர்ந்துவிட்டது. வேறு யோசனையே இல்லாமல் ஸ்கேன் செய்து ஏற்றிவிட்டோம்.

முதலில் கவனித்தது

ஏற்றிய மூன்றாவது வாரம், பக்கங்களைச் சரிபார்த்துக்கொண்டிருந்த மாணவி இரண்டு விஷயங்களைக் கவனித்தாள். எங்கள் பிரதியில் முதல் தாள் இல்லை. பிற்காலத்தில் பைண்டு செய்தபோது கிழிந்த தாளைத் தூக்கிப் போட்டிருக்க வேண்டும். புத்தகம் நேராக முகவுரையில் தொடங்குகிறது. முகவுரையின் அடியில் அந்தக் குமாஸ்தாவின் பெயர் இருக்கிறது. பதிவேட்டை எழுதியவர் அதைப் பார்த்துத்தான் அவரை ஆசிரியர் ஆக்கியிருக்கிறார்.

இரண்டாவது விஷயம், அந்த முகவுரையில் எங்குமே 'நான் எழுதினேன்' என்று இல்லை. 'இக்கதை', 'இச்சரித்திரம்' என்றே போகிறது. பிழை பார்த்ததையும் அச்சுச் செலவையும் சொல்கிறார், எழுதியதைச் சொல்லவில்லை.

மாணவி இன்னொன்றும் சொன்னாள். சமையலறை, கொல்லைத் தாழ்வாரம், விலக்கு நாட்களின் தனியிருப்பு, தலையை மழிக்க நாவிதர் வரும் காலை நேரம் எல்லாம் இவ்வளவு நுணுக்கமாக இருப்பதால் இது பெண் எழுதியதுதான் என்றாள். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. ஆனால் இதை ஆதாரமாக எடுத்துக்கொள்ள வேண்டாம் என்று முடிவு செய்தோம். காரணம் தமிழ் நாவல் வரலாற்றிலேயே இருக்கிறது. அ. மாதவையா 1892-இல் 'விவேக சிந்தாமணி' இதழில் 'சாவித்திரி' என்ற பெயரில்தான் எழுதினார். பின்னால் 1903-இல் 'முத்துமீனாட்சி'யாக நூலான அந்தக் கதையில், ஒரு பெண்ணே தன் துயரத்தைச் சொல்வதுபோல எழுத்து ஓடும். அதை எழுதியது ஓர் ஆண். வீட்டுக்குள் நடப்பது தெரிந்திருப்பதை வைத்து எழுதியவர் ஆணா பெண்ணா என்று சொல்லிவிட முடியாது.

அதனால் அச்சான ஆதாரத்தைத் தேடினோம். அதே ஊரில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் வீட்டில் இன்னொரு பிரதி கிடைத்தது. அதில் முதல் தாள் இருந்தது. நூலின் பெயருக்குக் கீழே 'ஸ்ரீமதி' என்று தொடங்கி 'அம்மாள்' என்று முடியும் ஒரு பெயர், அதற்கும் கீழே சிறிய எழுத்தில் பிரசுரகர்த்தா என்று குமாஸ்தாவின் பெயர். அம்மாள் அவருடைய மனைவி. 1974 வரை வாழ்ந்தவர்.

அப்புறம் சென்னை மாகாண அரசின் காலாண்டு நூற்பட்டியலைப் பார்த்தோம். 1867-ஆம் ஆண்டுச் சட்டப்படி அச்சாகும் ஒவ்வொரு நூலும் அப்போது அரசிடம் பதிவாக வேண்டியிருந்தது. ஆசிரியர், அச்சகம், பக்கம், படிகளின் எண்ணிக்கை, விலை, உரிமையாளர் என்று தனித்தனிக் கட்டங்கள் அந்தப் பட்டியலில் இருக்கும். ஆசிரியர் கட்டத்தில் அம்மாளின் பெயர் இருந்தது, உரிமையாளர் கட்டத்தில் கணவரின் பெயர். பழைய நூல்களில் வேலை செய்கிற யாரும் இந்தப் பட்டியலைப் பார்க்காமல் விடக்கூடாது என்பதை அன்றுதான் புரிந்துகொண்டோம்.

அப்படியே விட்டிருந்தால்

இங்கே சட்டம் குறுக்கே வந்தது. ஆசிரியர் கணவர் என்றால் நூல் எல்லோருக்கும் பொது. மனைவி என்றால் 2034 டிசம்பர் 31 வரை உரிமை வாரிசுகளுக்கு. அவர்கள் அனுமதி இல்லாமல் நாங்கள் ஏற்றியது தவறு. ஒரே கட்டத்தில் ஒரு பெயரை மாற்றினால், எல்லோரும் படிக்கக்கூடிய நூல் பூட்டுக்குள் போய்விடும்.

குழுவில் அஞ்சல் ஊழியர் வெளிப்படையாகவே கேட்டார்: "பழைய பதிவேட்டில் இருக்கிற பெயரையே விட்டுவிட்டால் என்ன? நாவலை நாலு பேர் படிப்பார்களே. அந்த அம்மாளுக்கும் அதுதானே பிடிக்கும்?" அது நல்ல எண்ணத்தில் வந்த கேள்விதான். ஆனால் அப்படி ஒரு வசதிக்காக விட்டுவிட்ட பெயர்களால்தான் இந்தக் குழப்பமே வந்தது. ஏற்றி ஐந்து வாரம் ஆன நிலையில், குடும்பத்தைப் பார்க்கும் முன்பே, கோப்பை இறக்கினோம்.

குடும்பம் சொன்னது

சென்னையில் இருக்கும் மகன் வழிப் பேரனிடம் முதலில் பேசினோம். அவர் மரியாதையாகவே பேசினார், ஆனால் உறுதியாகச் சொன்னார்: "பாட்டிக்கு எழுதவே வராதுங்க. பேங்க்ல கைநாட்டுதான். தாத்தா பாட்டி பேரை ஆசைக்குப் போட்டிருக்கார். அந்தக் காலத்துல பொம்பளை பேர் போட்டா புஸ்தகம் விக்கும்."

இதைத் தள்ளிவிட முடியாது. அவர் பொய் சொல்லவில்லை. பாட்டி கைநாட்டு வைத்ததைப் பார்த்தவர். 1940 வாக்கில் பெண் பெயருக்குச் சந்தை இருந்ததும் உண்மை. வை. மு. கோதைநாயகி அம்மாள் 1925-இல் 'ஜகன்மோகினி'யை ஏற்று நடத்தத் தொடங்கி, அதில் தொடர்ந்து நாவல்கள் எழுதி, பெரிய வாசகர் கூட்டத்தைச் சேர்த்திருந்தார். மொத்தம் 115 நாவல்கள். அவருக்கு முன்பே 'ஹிதகாரிணி' நடத்திய பண்டிதை விசாலாட்சி அம்மாள் இருந்தார். யாழ்ப்பாணத்தில் மங்களநாயகம் தம்பையா 1914-இலேயே 'நொறுங்குண்ட இருதயம்' வெளியிட்டிருந்தார். ஆக, பெண் எழுதிய நாவல் என்பது அப்போது வாசகருக்குப் பழகிப்போன சங்கதி.

ஆனால் எழுத வராதவர் நாவலாசிரியர் ஆக முடியாது என்ற வாதத்தைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. அதற்குப் பதிலும் கோதைநாயகியின் வாழ்க்கையிலேயே இருக்கிறது. ஐந்தரை வயதில் மணமாகிப் பள்ளிக்கூடம் போகாத அவருக்குக் கதை சொல்ல வந்தது, எழுத வரவில்லை. அவர் சொல்லச் சொல்லத் தோழி பட்டம்மாள் எழுதிக் கொடுத்ததுதான் 1924-இல் அச்சான 'இந்திர மோகனா' நாடகம். எழுதக் கற்றது அதன் பிறகு. அதற்காக 'இந்திர மோகனா'வை யாரும் பட்டம்மாள் எழுதியது என்று சொல்வதில்லை.

பேரனோடு பேசிய மறுவாரம் அம்மாளின் மகளைப் பார்த்தோம். உள்ளூரிலேயே, எங்கள் வாசகசாலைக்கு இரண்டு தெரு தள்ளி இருந்தார். வயது 89. இவ்வளவு பக்கத்தில் இருந்தவரை விட்டுவிட்டு முதலில் சென்னைக்குப் போன் போட்டது ஏன் என்பதற்கு நல்ல பதில் எங்களிடம் இல்லை. ஆண் வாரிசிடம் கேட்பதுதான் முறை என்ற பழக்கம் எங்களுக்குள்ளும் இருந்திருக்கிறது.

அந்த அம்மா சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "எங்கம்மாவுக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கத்தான் வரும், எழுத வராது. கதை அம்மாவோடதுதான். சின்னத்தை எழுதுவாங்க. மத்தியானம் சாப்பாடு ஆனப்புறம் அம்மா புளியில கொட்டை எடுத்துக்கிட்டே சொல்லும். கதை நின்னுபோச்சுன்னா பேசாம வேகவேகமா கொட்டை எடுக்கும். அப்ப யாரும் வாயைத் திறக்கக் கூடாது. நான் மைக்கூட்டைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருப்பேன்."

சின்னத்தை என்றது குமாஸ்தாவின் தங்கையை. பத்து வயதில் கணவனை இழந்து அண்ணன் வீட்டுக்குத் திரும்பி வந்தவர். ஐந்தாம் வகுப்பு வரை படித்தவர். நாவலின் நாயகியும் ஒரு பால்ய விதவைதான். நாத்தனாரின் கதையை அண்ணி சொல்ல, அந்த நாத்தனாரே உட்கார்ந்து எழுதியிருக்கிறார். அதைப் பற்றி மேலே கேட்க எங்களுக்கு அன்று வாய் வரவில்லை.

கணக்கு நோட்டு

இரண்டாம் முறை போனபோது அந்த அம்மா இரும்புப் பெட்டியைத் திறக்கச் சொல்லி ஒரு நீளக் கணக்கு நோட்டை எடுத்துக் கொடுத்தார். முன்பக்கம் பால் கணக்கும் அப்பளக் கணக்கும். அதைத் திருப்பிப் பிடித்தால் பின்பக்கத்திலிருந்து நாவல். பதினொன்று முதல் பதினேழு வரையிலான அத்தியாயங்கள் மட்டும் இருந்தன.

நோட்டில் இரண்டு கையெழுத்துகள். கதை முழுவதும் நீல மையில், உருண்டையான, கொஞ்சம் தடுமாறும் எழுத்தில் இருந்தது. றகர ரகரம் பல இடங்களில் மாறியிருந்தது. அதன்மேல் சிவப்பு மையில் திருத்தங்கள். குமாஸ்தாவின் கடிதங்களோடு ஒப்பிட்டதில் சிவப்பு மை அவருடையது என்பதில் சந்தேகம் இல்லை. 'அப்பறம்' என்பதை அடித்து 'பின்னர்' ஆக்கியிருக்கிறார். 'அழுதுது' என்பது 'அழுதது' ஆகியிருக்கிறது. அத்தியாயத் தலைப்புக்குக் கீழே வரும் குறள்கள் எல்லாம் சிவப்பு மையில்தான் இருக்கின்றன. அச்சுப் பிரதியில் இந்தத் திருத்தங்கள் எல்லாம் ஏறியிருந்தன. கதைப்போக்கில் அவர் கைவைத்ததாக இந்த ஏழு அத்தியாயங்களில் ஒரு இடம்கூட இல்லை.

பதினான்காம் அத்தியாயத்தில் ஓர் இடம். நாயகி ரயிலடியில் நிற்கிறாள். வாக்கியம் பாதியில் இருக்கிறது. அதன் நடுவே, அதே நீல மையில், 'இரு பால் பொங்குது' என்று மூன்று சொற்கள். உடனே அதே மையில் ஒரு கோடு போட்டு அடித்திருக்கிறார். அடுத்த சொல்லிலிருந்து வாக்கியம் விட்ட இடத்தில் தொடர்கிறது.

காதில் விழுந்ததை எல்லாம் கை தானாக எழுதிக்கொண்டு போகும்போதுதான் இப்படி நடக்கும். சொந்தமாக யோசித்து எழுதுகிறவர் 'இரு பால் பொங்குது' என்று எழுத மாட்டார். வேறொன்றைப் பார்த்துப் படியெடுக்கிறவரும் எழுத மாட்டார். சொன்னவர் அடுப்புக்கு எழுந்து போயிருக்கிறார். நாயகி அதுவரை ரயிலடியிலேயே நின்றிருக்கிறாள். அந்தப் பக்கத்தை நாங்கள் நால்வரும் மாறி மாறிப் பார்த்தோம்.

எடுத்த முடிவு, அதன் காரணம்

மூன்று வழிகள் இருந்தன. கணவரே ஆசிரியர் என்று விட்டுவிடுவது முதல் வழி. மூவரையும் கூட்டாசிரியர்கள் ஆக்குவது இரண்டாவது. அம்மாளை ஆசிரியராகப் போட்டு மற்ற இருவரின் வேலையையும் தனித்தனியாகச் சொல்வது மூன்றாவது.

முதல் வழிக்கு ஆதாரம் இல்லை. நூலில் ஆசிரியராக அச்சான பெயரையே, வேறு விதமாக நிரூபிக்கப்படும்வரை, சட்டமும் ஆசிரியராக எடுத்துக்கொள்கிறது. அந்த அச்சு, அரசின் நூற்பட்டியல், மகளின் நினைவு, நோட்டு என்று நான்கும் ஒன்றுக்கொன்று பொருந்தின.

இரண்டாவது வழி பார்க்க நியாயமாக இருந்தது. பேசிப் பார்த்தபோது அது சரியில்லை என்று பட்டது. ஓர் ஆண் எழுத்தாளர் சொல்ல இன்னொருவர் எழுதினால், எழுதியவரை நாம் கூட்டாசிரியர் என்பதில்லை. பத்திரிகை ஆசிரியர் ஒற்றுப்பிழை திருத்தினால் அவரை நாவலாசிரியர் ஆக்குவதும் இல்லை. பெண் விஷயத்தில் மட்டும் அந்த அளவுகோலை மாற்றக் கூடாது.

மூன்றாவது வழியை எடுத்தோம். பட்டியலில் ஒரு கட்டம் நான்கானது: ஆசிரியர், கேட்டு எழுதியவர், மொழி திருத்தியவர், பிரசுரகர்த்தா. சின்னத்தையின் பெயர் ஒரு நூற்பட்டியலில் ஏறியது அதுதான் முதல் தடவை.

பெயரை எப்படி எழுதுவது என்பதில் இரண்டு கூட்டம் போனது. அச்சில் கணவர் வீட்டு முதலெழுத்தோடு இருந்தது. மகள், தன் தாய்வழித் தாத்தாவின் முதலெழுத்தையும் போடச் சொன்னார். கோதைநாயகியின் பெயருக்கு முன் நிற்கும் 'வை. மு.' என்பதே வைத்தமாநிதி முடும்பை என்ற புகுந்த வீட்டுப் பெயர்தான். அந்தக் காலத்துப் பெண்ணைத் தேடுகிறவர் எந்தப் பெயரில் தேடுவார் என்று சொல்ல முடியாது. அச்சில் இருப்பதையே முதற்பெயராக வைத்து, மற்ற வடிவத்தைத் தேடலில் கிடைக்கும்படி இணைத்தோம்.

பிறகு நடந்தது

மகள் அனுமதிக் கடிதத்தில் உடனே கையெழுத்துப் போட்டார். பேரன் போடவில்லை. பணம் காரணம் அல்ல. தாத்தாவின் பெயரை நாங்கள் அழிப்பதாக அவர் நினைத்தார்.

தை மாதம் அவர் ஊருக்கு வந்தபோது வாசகசாலையில் உட்கார்ந்து நோட்டைக் காட்டினோம். வாதம் எதுவும் செய்யவில்லை. பதினான்காம் அத்தியாயத்தைத் திறந்து வைத்தோம், அவ்வளவுதான். வெகுநேரம் பார்த்தார். அப்புறம் சிவப்பு எழுத்தின்மேல் விரலை வைத்து, "இது தாத்தா கைதானே? இதையும் போடுவீங்கல்ல?" என்றார். போட்டிருந்த பட்டியலைக் காட்டினோம். ஆசிரியர் பதிவுக்கு அவர் ஒப்புக்கொண்டார். இணையத்தில் முழு நூலையும் ஏற்ற மட்டும் இன்றுவரை சம்மதிக்கவில்லை. அது அவருடைய உரிமை. இப்போது டிஜிட்டல் பிரதி வாசகசாலைக் கணினியில் மட்டும் இருக்கிறது. நேரில் வருபவர்கள் படிக்கலாம்.

மகளிடம் முழு நேர்காணல் எடுக்க மாசியில் நாள் குறித்திருந்தோம். அதற்கு முன்பே அவர் காலமானார். முதல் சந்திப்பில் ஒலிப்பதிவு செய்யவில்லை. நான் கையில் எழுதிக்கொண்ட நான்கு பக்கங்கள்தான் இருக்கின்றன. நாவலுக்கு முன்னோ பின்னோ அம்மாள் வேறு கதை சொன்னாரா, சின்னத்தை தானாக ஏதாவது எழுதினாரா என்று கேட்க நினைத்திருந்தது எல்லாம் அதோடு நின்றது. இந்த வேலையில் எனக்கு மிகவும் வலிப்பது இதுதான்.

இனி மாற்றிச் செய்வது

முதல் தாள் இல்லாத நூலை இனி நாங்கள் ஏற்றுவதில்லை. இரண்டாம் பிரதியைப் பார்க்க வேண்டும், அல்லது காலாண்டு நூற்பட்டியலைப் பார்க்க வேண்டும். இரண்டும் கிடைக்காவிட்டால் ஆசிரியர் கட்டம் காலியாகவே இருக்கும். முகவுரை எழுதியவர் பெயரை ஆசிரியர் இடத்தில் போடுவது அடியோடு நின்றது.

குடும்பத்தில் வயது முதிர்ந்த பெண்ணிடம்தான் முதலில் போகிறோம். போகும்போதே ஒலிப்பதிவுக் கருவியோடும் அனுமதிப் படிவத்தோடும் போகிறோம். 'பாட்டி எழுதுவாங்களா?' என்று கேட்பதை விட்டுவிட்டு, 'கதை யார் சொல்வாங்க, யார் எழுதுவாங்க, எந்த நேரத்தில்?' என்று கேட்கிறோம். 'பாட்டி எழுதுவாங்களா' என்ற கேள்விக்கு 'இல்லை' என்ற ஒரே பதில்தான் வரும். இப்படிக் கேட்டால் அந்த வீட்டின் மத்தியான நேரமே கண்முன் வந்துவிடுகிறது.

வீட்டுக் கணக்கு நோட்டுகளைத் திருப்பிப் பார்க்கிறோம். காகிதம் அருமையாக இருந்த வீடுகளில் பெண்களின் எழுத்து தனி நோட்டில் இருந்ததில்லை. பழைய பேப்பர்காரருக்கு முதலில் போவதும் பால் கணக்கு நோட்டுதான்.

வாசகசாலைப் பதிவேட்டை மறுபடி முதலிலிருந்து பார்த்ததில், இன்னும் மூன்று நூல்களில் பிரசுரகர்த்தாவின் பெயர் ஆசிரியர் இடத்தில் ஏறியிருப்பது தெரிந்தது. ஒன்றைத் திருத்திவிட்டோம். மற்ற இரண்டுக்கும் பிரதி தேடிக்கொண்டிருக்கிறோம்.

பழைய பதிவேட்டில் அந்த நாவலின் வரியை அடிக்கவில்லை. அதன் நேரே ஓரத்தில், தேதி போட்டு, அம்மாளின் பெயரையும் சின்னத்தையின் பெயரையும் பொறுப்பாளர் நீல மையில் எழுதியிருக்கிறார். கணக்கு நோட்டு இன்னும் அந்த இரும்புப் பெட்டியில்தான் இருக்கிறது. பேத்தி, வருகிற கோடை விடுமுறையில் அதை எடுத்து வந்து ஸ்கேன் செய்யத் தருவதாகச் சொல்லியிருக்கிறார்.